தொட்ட காய்

டீ கிளாஸ் தன் கையில் இருக்கிறதா இல்லையா என்பது மச்சானுக்குக் கண்ணால் பார்த்தால்தான் தெரியும். அதனால் டீ குடித்து முடிக்கிற வரைக்கும் அவர் கிளாஸை விட்டுப் பார்வையை எடுக்க மாட்டார். கல்குவாரியில் இருபது வருஷத்துக்கு மேலாகப் பாறையில் துளை போடும் கம்ப்ரசர் மிஷினைப் பிடித்த கை அது. மிஷின் ஆடுகிற ஆட்டத்தில் விரல் நுனிகளில் ரத்தம் ஓடுவதை மறந்துவிட்டது. குளிர் பட்டால் போதும், விரல்கள் சுண்ணாம்பு அடித்த மாதிரி வெளுத்துப் போகும். குவாரியில் அவர் பேரே கம்ப்ரசர்தான். சம்பளம் போடுகிற ஆள்கூட நிஜப் பேரை இரண்டு தடவை யோசித்துத்தான் கூப்பிடுவான்.

செஸ் போட்டி நடக்கிற மண்டபத்துக்கு எதிர்க் கடையில் நின்று அவர் டீ குடித்துக்கொண்டிருந்தார். சட்டையின் மேல் பட்டன் இரண்டு திறந்து கிடந்தது.

"மாப்ளே, இதைப் போட்டு விடு. உங்க அக்கா இல்லாத ஊர்ல நான் அரை அம்மணமாத்தான் திரியணும் போல."

கூட நின்ற மைத்துனன் மாஸ்டர் பட்டனைப் போட்டு விட்டான். மாஸ்டர் என்றால் நிஜ மாஸ்டர் இல்லை. அக்கா வீட்டுத் தெருவில் வைத்த பேர். குவாரி ஆட்கள் இன்னும் நேர்மையானவர்கள். 'அரை மாஸ்டர்' என்பார்கள். பன்னிரண்டு வயதுக்குள்ளோர் போட்டியில் நாட்டிலேயே முதலாவதாக வந்தவன். அன்றைக்குக் கிடைத்த கேடயத்தைத்தான் அக்கா இப்போது அடுப்படிக் கதவு காற்றில் அடிக்காமல் இருக்க முட்டுக் கொடுத்து வைத்திருக்கிறாள். அதற்கப்புறம் பதினாறு, பதினெட்டு, இருபது என்று ஒவ்வொரு வயதிலும் ஏதோ ஒன்று ஜெயித்தான். சர்வதேச மாஸ்டர் பட்டத்துக்குத் தேவையான மூன்று நார்மும், அதாவது பெரிய போட்டிகளில் மூன்று தடவை ஆடிக் காட்ட வேண்டிய தரமும், எப்போதோ கைக்கு வந்துவிட்டது. வராதது ரேட்டிங் என்கிற தரப்புள்ளி. இரண்டாயிரத்து நானூறைத் தொட வேண்டும். நாலு வருஷமாக அதன் வாசல்படி வரை போவான். யாராவது ஒரு பொடியனிடம் தோற்றுத் திரும்புவான். வயது முப்பத்தொன்று ஆகிவிட்டது. இந்த விளையாட்டில் அது ஓய்வு பெறுகிற வயது மாதிரி.

இந்தத் தடவை எட்டுச் சுற்று முடிந்தபோது ரேட்டிங்கில் பாக்கி ஒன்றரைப் புள்ளி. கடைசிச் சுற்றில் யாரை ஜெயித்தாலும் போதும், அந்த ஒன்றரை வந்துவிடும். டிரா செய்தால் எதிரில் இருப்பவர் சின்ன ஆட்டக்காரர் என்பதால் எட்டுப் புள்ளி போகும். அந்தச் சின்ன ஆட்டக்காரர்தான் எதிரில் டீ குடித்துக்கொண்டிருந்தார்.

இது எப்படி நடந்தது என்று மண்டபத்தில் எல்லாரும் சிரித்தார்கள். மச்சான் எப்போதும் துணைக்கு வருவார், பெட்டி தூக்குவார், வாசலில் உட்கார்ந்து தூங்குவார். இந்தத் தடவை சும்மா இருப்பானேன் என்று பேர் கொடுத்துவிட்டார். ஒரு ஆட்டத்தில் எதிராளியின் போன் அடித்து, விதிப்படி ஆட்டம் இவருக்கு வந்தது. ஒன்றில் எதிராளியே வரவில்லை. இரண்டு மூன்றில் நிஜமாகவே நன்றாக ஆடினார். மாஸ்டர் பெரிய ஆட்களோடு மோதி எடுத்த அதே போட்டிப் புள்ளியை இவர் சந்து வழியாக வந்து எடுத்துவிட்டார். கடைசிச் சுற்று அட்டவணையில் இரண்டு பேரும் எதிரெதிரே.

கிளாஸைக் கீழே வைத்துவிட்டு, வைத்ததைப் பார்த்து உறுதி செய்துகொண்டு, மச்சான் குரலைத் தாழ்த்தினார்.

"மாப்ளே, நான் ஒண்ணு சொல்றேன், கோவிச்சுக்காதே. ஒரு இருபது முப்பது நகர்த்து. நான் அதுக்குள்ள எதையாவது விட்டுடறேன். யாருக்கும் தெரியாது. நான் தோக்கறதுல யாருக்கு என்ன ஆச்சரியம்?"

"ச்சே, என்ன பேச்சு இது?"

"இல்லடா, உன் வேலை..."

வேலை என்பது செஸ் பயிற்சிப் பள்ளி. அதன் முதலாளி போன மாதம் தெளிவாகச் சொல்லியிருந்தார். போர்டில் போட ஒரு பட்டம் வேண்டும். பட்டம் இல்லாத வாத்தியாருக்கு எந்த அப்பா அம்மா ஃபீஸ் கட்டுவார்கள்? பட்டத்தோடு வந்தால் நாற்காலி காத்திருக்கிறது. வராவிட்டால் இன்னொருத்தன் இருக்கிறான்.

"மச்சான், இது என் தொழில். நீங்க விட்டுக் கொடுத்து நான் பட்டம் வாங்கினேன்னு வெச்சுக்குங்க, அதை நான் எந்த மூஞ்சியோட மாட்டிக்கறது? நீங்க உங்களால முடிஞ்சதை ஆடுங்க. நெஜமா ஆடுங்க." அதோடு நிறுத்தியிருக்கலாம். வாய் நிற்கவில்லை. "நீங்க நெஜமா ஆடினா மட்டும் என்ன ஆயிடப்போகுது?"

டீக்கடைக்காரன் சிரித்தான். மச்சானும் சிரித்தார். "அதுவும் சரிதான். உள்ளே வா, உன்னை ஒரு கை பாக்கறேன்."

உண்மையில் மச்சானுக்குச் செஸ் சொல்லிக் கொடுத்ததே மாஸ்டர்தான். அக்கா கல்யாணமாகி வரும்போது ஒரு தகரப் பெட்டியும் ஒரு தம்பியும் கொண்டு வந்தாள் என்று மச்சான் சொல்லுவார். அந்தத் தம்பிக்கு வீட்டில் எதிரே உட்கார ஒரு ஆள் தேவைப்பட்டது. குவாரியிலிருந்து தூசியோடு வந்த மனுஷனைக் குளிக்கக்கூட விடாமல் உட்கார வைத்து, குதிரை எப்படித் தாவும் என்று காட்டினான். ஆள் பைத்தியமாகிவிட்டார். வெடி வைத்துவிட்டு எல்லாரும் ஒதுங்கி நிற்கிற நேரத்திலும் போனில் செஸ் ஆடுவதாக மேஸ்திரி வந்து புகார் சொல்லியிருக்கிறார்.

மண்டபத்துக்குள் ஏசி குளிர் எலும்பைப் பிடித்தது. மச்சான் உட்கார்ந்ததுமே இரண்டு கையையும் அக்குளுக்குள் செருகிக்கொண்டார். காயை நகர்த்த வேண்டியபோது மட்டும் வலது கையை எடுப்பார். கை பலகைக்குப் போய்ச் சேருகிற வரை அதன் மேல் கண் வைத்திருப்பார், தடுமாறுகிற குழந்தையை நடத்திக் கூட்டிப் போகிற மாதிரி.

முதல் ஒரு மணி நேரம் மாஸ்டர் சாவகாசமாக ஆடினான். சாவகாசமாக என்பது மரியாதைக்காகச் சொல்வது. எழுந்து போய் அடுத்த மேசைகளை வேடிக்கை பார்த்தான், தண்ணீர் குடித்தான், பட்டம் வந்ததும் யார் யாருக்குப் போன் செய்வது என்று யோசித்தான். அந்த யோசனையில் ஒரு குதிரையைக் கொடுத்தான். பதிலுக்கு அவர் காய் ஒன்றை எடுத்தான். ஆனால் எடுப்பதற்குள் பலகை பாதி காலியாகிவிட்டது. முட்டி மோதி ஒரு சிப்பாயைக் கடைசிக் கட்டம் வரை ஓட்டி ராணியாக்கினான். ராணி வந்துவிட்டது, இனி பத்து நிமிஷம் என்று நினைத்தான்.

மச்சானிடம் மிச்சமிருந்தது ராஜா, ஒரு யானை, ஒரே ஒரு சிப்பாய்.

அவர் ரொம்ப நேரம் யோசித்தார். அப்புறம் ராஜாவைச் சிப்பாய்க்குப் பின்னால் கொண்டு வந்து ஒளித்தார். யானையைச் சிப்பாய்க்குச் சாய்ந்தாற்போல முன்னால் நிறுத்தினார். அடுத்த தடவை யானையை இந்தப் பக்கத்திலிருந்து அந்தப் பக்கத்துக்கு மாற்றினார். அதற்கடுத்த தடவை திரும்ப இந்தப் பக்கம். இரண்டு கட்டத்துக்கும் அந்தச் சிப்பாய்தான் காவல். யானையை ராணி வெட்டினால் சிப்பாய் ராணியை வெட்டும். யானை நிற்கிற வரிசையைத் தாண்டி மாஸ்டரின் ராஜாவாலும் உள்ளே வர முடியாது.

மாஸ்டர் நாற்காலியை முன்னால் இழுத்துப் போட்டுக்கொண்டான். இந்தக் கோட்டை அவனுக்குத் தெரியும். ஒரு மழை நாளில், வேலையில்லாமல் இரண்டு பேரும் வீட்டில் அடைந்து கிடந்தபோது, அவனேதான் வேடிக்கை காட்டினான்: "இப்படி வெச்சுட்டா மச்சான், எப்பேர்ப்பட்ட ராணி வந்தாலும் வெளியிலேயே சுத்திச் சாக வேண்டியதுதான்." மச்சான் அன்றைக்கு அதைப் பார்த்துக் கை தட்டிச் சிரித்தார். மறந்திருப்பார் என்றுதான் யாரும் நினைப்பார்கள்.

ராணி சுற்றியது. மேலே போயிற்று, கீழே வந்தது, பக்கவாட்டில் முட்டியது. மச்சானின் யானை இந்தப் பக்கம், அந்தப் பக்கம். எந்தக் காயும் வெட்டுப்படாமல், சிப்பாயும் நகராமல் ஐம்பது நகர்வு போனால் ஆட்டம் டிரா. நாற்பதைத் தாண்டிவிட்டது. மற்ற மேசைகளெல்லாம் முடிந்து, ஆட்டக்காரர்கள் சுற்றி நின்று பார்க்க ஆரம்பித்து, அலுத்துப்போய்ச் சாப்பிடப் போய்விட்டார்கள். மச்சான் நெற்றியில் அந்தக் குளிரிலும் வியர்வை. அவர் நிஜமாக ஆடிக்கொண்டிருந்தார். ஆடச் சொன்னது யார்?

'காலையில சரின்னு சொல்லித் தொலைஞ்சிருக்கலாம்' என்று மாஸ்டர் நினைத்தான். அந்த நினைப்பு வந்ததற்காக வெட்கப்பட்டான். வெட்கப்பட்டுக்கொண்டே ராணியை நகர்த்தினான்.

மச்சானின் கடிகாரத்தில் நேரம் குறைந்துகொண்டு வந்தது. அக்குளிலிருந்து கையை எடுத்தார். விரல்கள் மூட்டு வரை வெள்ளை. கை பலகைக்கு மேலே போய்க்கொண்டிருக்கும்போதே அவர் கண் ஒரு நொடி கடிகாரத்துக்குப் போயிற்று. அந்த ஒரு நொடியில் சுண்டு விரலின் ஓரம் சிப்பாயின் தலையில் உரசியது. சிப்பாய் லேசாக ஆடி நின்றது. கை நிற்காமல் யானையை நோக்கிப் போயிற்று.

"மச்சான், சிப்பாயைத் தொட்டுட்டீங்க."

சொன்னது தன் குரல்தானா என்று மாஸ்டருக்கே தெரியவில்லை. யானைக்கு ஒரு விரல்கடை தூரத்தில் அந்தக் கை நின்றது. மச்சான் கையைப் பார்த்தார். சிப்பாயைப் பார்த்தார். அப்புறம் இவனைப் பார்த்தார்.

"தொட்டேனா?"

தொட்ட காயை ஆட வேண்டும். ஆனால் எடுக்கிற எண்ணத்தோடு தொட்டால்தான் அது தொட்டது. வேறு காய்க்குப் போகிற வழியில் கை பட்டால் கணக்கில்லை. இதைப் பொடிப் பையன்களுக்கெல்லாம் மாஸ்டர் நூறு தடவை சொல்லியிருக்கிறான். இதற்காக அழுத பையன்களின் மூக்கைத் துடைத்து விட்டிருக்கிறான். ஆனால் அந்தச் சிப்பாய் நகர்ந்தால் கோட்டை போயிற்று. யானைக்குக் காவல் கிடையாது. சிப்பாய்க்குத் திரும்பி வரவும் தெரியாது.

அவன் கையை உயர்த்தி நடுவரைக் கூப்பிட்டான்.

நடுவர் ஒரு கணக்கு டீச்சர். சனி ஞாயிறுகளில் போட்டி நடத்துகிறவள். வாயில் பிஸ்கட்டோடு வந்தாள், விழுங்கிவிட்டு, "என்ன பிரச்சினை?" என்றாள்.

"தொட்ட காய்."

டீச்சர் மச்சான் பக்கம் திரும்பினாள். "ஐயா, சிப்பாயை எடுக்கணும்னு தொட்டீங்களா, இல்ல போற போக்குல கை பட்டுதா? கை பட்டிருந்தா ஒண்ணும் இல்ல, நீங்க நினைச்சதை ஆடலாம்."

ஒரு வார்த்தை போதும். 'பட்டுது' என்று சொன்னால் டீச்சர் பிஸ்கட்டுக்குத் திரும்பிப் போய்விடுவாள். மாஸ்டர் பலகையையே பார்த்துக்கொண்டிருந்தான்.

"எனக்குத் தெரியலம்மா" என்றார் மச்சான். வெளுத்த விரல்களை அவளுக்குக் காட்டினார், விற்பனைக்கு வந்த சாமானைக் காட்டுகிற மாதிரி. "இந்தக் கைக்கு எதுவும் தெரியாது. நான் பாத்தாத்தான் உண்டு. அந்தச் சமயம் கடிகாரத்தைப் பாத்துட்டேன். அவன் பாத்துட்டு இருந்தான், அவனைக் கேளுங்க. என் மாப்பிள்ளைதான். அவன் சொன்னா சரியாத்தான் இருக்கும்."

டீச்சர் மாஸ்டரைப் பார்த்தாள். "நீங்க என்ன பாத்தீங்க?"

ஏசி மிஷின் கடகடவென்று சத்தம் போட்டது. யாரோ தூரத்தில் நாற்காலியை இழுத்தார்கள்.

"பிடிச்சார்" என்றான் மாஸ்டர். "சிப்பாயைப் பிடிச்சுட்டு, அப்புறம் விட்டுட்டு யானைக்குப் போனார்."

"அப்ப சிப்பாயைத்தான் ஆடணும் ஐயா."

"ஆடிட்டாப் போச்சு" என்றார் மச்சான். கண்ணை எடுக்காமல் பார்த்துக்கொண்டே சிப்பாயை ஒரு கட்டம் தள்ளினார். மாஸ்டர் யானையை வெட்டினான். மச்சான் எழுந்து நின்று கை கொடுத்தார். கொடுத்த கையை விடாமல் அப்படியே இழுத்துக் கட்டிப் பிடித்தார்.

"இனிமே எவனாவது அரை மாஸ்டர்னு சொல்லட்டும், வாயிலயே டிரில் போடறேன்."

பஸ்ஸில் ஜன்னலோரம் மச்சானுக்கு. கொஞ்ச தூரம் வரை அக்காவுக்குப் போன், குவாரிக்குப் போன், மேஸ்திரிக்குப் போன். "முழு மாஸ்டர்! சர்வதேசம்! ஆமா, என்னைத்தான் ஜெயிச்சான், வேற யாரை ஜெயிக்கணும்?" என்று பஸ் முழுக்கக் கேட்கிற மாதிரி கத்தினார். முன் சீட்டுக்காரர் திரும்பி மாஸ்டருக்குக் கை கொடுத்தார். மாஸ்டர் சிரித்தான். சிரிப்பு முகத்தில் ஒட்டவில்லை.

போனெல்லாம் முடிந்ததும் மச்சான் வலது கையை மடியில் மல்லாத்தி வைத்துப் பார்த்துக்கொண்டே வந்தார்.

"மாப்ளே, ஒண்ணு கேக்கறேன். அந்தச் சிப்பாய் விஷயம் இல்லேன்னா அது டிராதானே? நீ காட்டின அதே கோட்டைதானே?"

இதற்காவது உண்மையைச் சொல்லியிருக்கலாம். ஆனால் ஒரு உண்மையைச் சொன்னால் அதன் வாலைப் பிடித்துக்கொண்டு இன்னொன்று வந்துவிடும் என்று மாஸ்டருக்குப் பயம்.

"இல்ல மச்சான். கொஞ்சம் வித்தியாசம் இருந்துது. எப்படியும் நான் உள்ளே வந்திருப்பேன்."

"அப்படியா?" மச்சானின் முகம் ஒரு சுற்று சின்னதானது. உடனே தலையாட்டினார். "அப்ப சரி. நான்கூட ஒரு நிமிஷம்... சரி விடு. பெரிய ஆட்டக்காரன்கூட டிரா பண்ணிட்டேன்னு நானே கதை கட்டிக்கிட்டு இருந்தேன்." அப்புறம் வெளியே பார்த்துக்கொண்டே சொன்னார்: "கைக்கு உணர்ச்சி இல்லைங்கறது பழைய கதை. ஆனா நான் நினைக்காததைக் கை போய்ப் பிடிக்குதுன்னா, அது வேற சமாசாரம்டா."

"அப்படியெல்லாம் ஒண்ணும் இல்ல மச்சான்."

"நீதானே பாத்தே?"

மாஸ்டர் கண்ணை மூடிக்கொண்டு தூங்குவது போல் தலையைச் சாய்த்தான்.

வீட்டில் அக்கா வாசலிலேயே நின்றாள். அடுப்படிக் கதவின் முட்டுக் கேடயத்தை எடுத்துத் துடைத்து ஜன்னலில் வைத்திருந்தாள். கதவு காற்றில் டமார் டமார் என்று அடித்துக்கொண்டிருந்தது. "என் தம்பிடா!" என்று அவன் கன்னம் இரண்டையும் பிடித்துக் கிள்ளினாள். முப்பத்தொரு வயது ஆள் என்று பார்க்கவில்லை. பக்கத்து வீடுகளிலிருந்து ஆட்கள் வந்தார்கள். பயிற்சிப் பள்ளி முதலாளி போனில், "திங்கட்கிழமையே வந்துடுங்க சார்" என்றார். போன மாதம் வரை 'தம்பி' என்றுதான் கூப்பிட்டிருந்தார்.

ஆட்களெல்லாம் போனதும் மச்சான் சட்டையைக் கழற்றாமலே உட்கார்ந்து விஷயத்தைச் சொன்னார். சிப்பாய், யானை, டீச்சர் கேட்ட கேள்வி எல்லாம்.

"யோசிச்சுப் பாத்துட்டேன். மிஷினை விட்டுடறேன். மேஸ்திரிகிட்டச் சொல்லி கேட்ல உக்காந்துக்கறேன். பாதிச் சம்பளம்தான். ஆனா நான் மிஷினைப் பிடிச்சுட்டு இருக்கும்போது பக்கத்துல நாலு பேர் நிக்கறாங்க. இந்தக் கை என்னைக் கேக்காம எதையாவது பிடிச்சா, எவன் காலு போகும்னு தெரியாது."

பத்து வருஷமாக அக்கா கெஞ்சிக்கொண்டிருந்த விஷயம் அது. டாக்டர் சொல்லியிருக்கிறார், இன்னும் கொஞ்ச நாள் போனால் விரலையே எடுக்க வேண்டி வரும் என்று. கெஞ்சினாள், சண்டை போட்டாள், சோறு போடாமல் இருந்தும் பார்த்தாள். கம்ப்ரசர் என்கிற பேரை விட்டு மனுஷன் இறங்கவில்லை. இப்போது தானாகவே இறங்குகிறார். அவள் தம்பியின் கையைப் பிடித்துக்கொண்டாள். கண் கலங்கியிருந்தது.

"நல்ல வேளை, நீ பாத்தேடா. நீ சொன்னதாலதான் நம்பறார்."

அந்தப் பிடியில் மாஸ்டருக்கு ஒரு சந்து தெரிந்தது. பார், நல்லதுக்குத்தான் நடந்திருக்கிறது. ஒரு பொய், ஆனால் ஒரு மனுஷனின் விரல்களைக் காப்பாற்றியிருக்கிறது. பட்டம் அதோடு ஒட்டிக்கொண்டு வந்தது, அவ்வளவுதான். இந்தச் சந்துக்குள் அவன் நுழைந்து உட்கார்ந்துகொண்டான். அந்த வாரம் சௌகரியமாகத்தான் இருந்தது. பயிற்சிப் பள்ளியில் போர்டு மாறியது. பேருக்கு முன்னால் பட்டம் சிவப்பு எழுத்தில் ஏறியது. மச்சான் காக்கிச் சட்டை போட்டுக் குவாரி கேட்டில் உட்கார்ந்தார். லாரி வந்தால் கட்டையைத் தூக்குவார், போனால் இறக்குவார். துளை போடுகிற சத்தம் உள்ளேயிருந்து வரும்போதெல்லாம் தலை தானாக அந்தப் பக்கம் திரும்பும் என்று கூட வேலை செய்கிறவர் வந்து சொன்னார்.

ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் மச்சான் செஸ் பலகையைத் துணியில் சுற்றிக் கொண்டு வந்து அவன் முன்னால் வைத்தார்.

"இதை உன் பள்ளிக்கூடத்துக்கு எடுத்துட்டுப் போ. பசங்களுக்கு ஆகும்."

"ஏன் மச்சான்? கேட்ல சும்மா உக்காந்திருக்கும்போது ஆடலாமே?"

"எதுக்கு? ஒண்ணை நினைச்சு இன்னொண்ணைப் பிடிக்கற கையை வெச்சுக்கிட்டு ஆடினா, அது ஆட்டமா? எதிரே உக்காந்தவனுக்கும் சங்கடம். போன்ல இருந்ததையும் அழிச்சுட்டேன்."

பலகையின் மூலையில் அவருடைய பழைய டீ கிளாஸ் வைத்த வட்டத் தடம் இருந்தது. மாஸ்டர் அதையே பார்த்தான். சந்து மூடிக்கொண்டது. விரலைக் காப்பாற்றியதாகச் சொல்லலாம். இதை என்னவென்று சொல்வது?

"மச்சான், நீங்க பிடிக்கல."

"என்னது?"

"சிப்பாயை. நீங்க பிடிக்கவே இல்ல. விரல் பட்டுது, அவ்வளவுதான். நான் பாத்தேன். தெரிஞ்சேதான் பிடிச்சார்னு சொன்னேன். எனக்குப் பட்டம் வேணும்ங்கறதுக்காகச் சொன்னேன்."

சொல்லிவிட்டுக் குனிந்துகொண்டான். அடி விழும் என்று எதிர்பார்த்தான். விழுந்தால் தேவலை என்று இருந்தது. மச்சான் சிரித்தார். முதலில் மெதுவாக, அப்புறம் தோள் குலுங்க.

"போடா இவனே! என் மனசு ஆறணும்னு இவ்வளவு பெரிய பழியைத் தூக்கித் தலையில வெச்சுக்கறியே!"

"இல்ல மச்சான், சத்தியமா..."

"காலையில டீக்கடையில நானே விட்டுத் தரேன்னு சொன்னேன். வேணாம்னு மூஞ்சிக்கு நேரா சொன்னவன் நீ. சும்மா கொடுத்ததையே வாங்காதவன், மத்தியானம் திருடுவானா? கேக்கறவன் கேணையனா இருக்கணும்."

அந்தக் காலை நேரத்து வீராப்புதான் இப்போது மாஸ்டருக்குச் சாட்சியாக வந்து நின்றது.

"இங்க பாரு" என்று மச்சான் குரலைக் கண்டிப்பாக்கினார். "இந்த மாதிரிப் பேச்சு வெளியில வாயைத் திறந்து பேசிடாதே. பட்டம் வாங்கினவன், நாலு பேர் நிஜம்னு எடுத்துக்குவாங்க. என் மேல பாசம் இருந்தா மனசுக்குள்ள வெச்சுக்கோ." பலகையை அவன் மடியில் தள்ளிவிட்டு, சிரித்துக்கொண்டே படுக்கப் போய்விட்டார்.

அடுப்படிக் கதவு அடிக்கவில்லை. மாஸ்டர் நிமிர்ந்தான். அக்கா அதைக் கையால் பிடித்துக்கொண்டு நின்றாள்.

கொல்லைக் குழாயடியில் துணி ஊறிக்கொண்டிருந்தது. அவள் நடந்தாள்; இவன் பின்னால் போனான். அவள் உட்கார்ந்து ஒரு காக்கிச் சட்டையை எடுத்துக் கல்லில் வைத்து அடித்தாள். நாலைந்து அடி.

"அவர் நம்பல" என்றாள். "நான் நம்பறேன். சின்ன வயசுல நீ பொய் சொன்னா வாய் நிறையப் பேசுவே. நெஜம் சொல்லும்போதுதான் இப்படித் தரையைப் பாப்பே."

"அக்கா, நான் டீச்சர்கிட்டப் போய்ச் சொல்லிடறேன். பட்டம் வேணாம்னு எழுதிக் கொடுத்துடறேன். அப்ப அவர் நம்புவார்ல?"

"நம்புவார். நம்பிட்டு மறுநாள் காலையில மிஷினைப் போய்ப் பிடிப்பார். அந்தக் கேட்ல அவருக்கு உயிர் இல்ல, அது உனக்கே தெரியும். 'என் கை நல்லாத்தான் இருக்கு'ன்னு ஒரு சாக்குக் கிடைச்சாப் போதும், ஓடுவார். அப்புறம் விரல் போகும். இல்ல வேற எவனோட காலோ போகும்." சட்டையைப் பிழிந்தாள். தண்ணீரில் கல்தூசி வரவில்லை. முதல் தடவையாக அவள் அலசிய தண்ணீர் தெளிவாக இருந்தது. "நீ பண்ணினது அயோக்கியத்தனம். அதை அவர்கிட்ட இனிமே நிரூபிக்க வராதே."

"அப்ப நான் என்னதான் பண்றது?"

"இருக்கறது. உன் வேலைக்குப் போ, வா. அந்தப் போர்டைத் தினமும் பாரு. உனக்கு உறுத்தினா உறுத்தட்டும், நான் அதுக்கு மருந்து போட மாட்டேன்." அவள் எழுந்து கொடியில் சட்டையைப் போட்டாள். அவன் பக்கம் திரும்பவே இல்லை. "நாளையில இருந்து அவருக்குப் பட்டன் போட்டு விடறது உன் வேலை. எனக்குக் கை ஒழியல."

கை ஒழியவில்லை என்பது பொய். அவளும் வாய் நிறையப் பேசவில்லை, ஆனாலும் அது பொய்தான்.

மறுநாள் காலை மச்சான் காக்கிச் சட்டையை மாட்டிக்கொண்டு அவன் முன்னால் வந்து நெஞ்சை நிமிர்த்தி நின்றார். "என்னடா, உங்க அக்கா உன்னை வேலைக்கு வெச்சுட்டாளாமே? சர்வதேச பட்டன் மாஸ்டர்!" மாஸ்டர் கீழ்ப் பட்டனிலிருந்து ஆரம்பித்தான். தெருவில் ஒரு லாரி ஹார்ன் அடித்தது. மச்சானைக் குவாரி வரை ஏற்றிக்கொண்டு போகிற டிரைவர்.

அக்கா தடுத்தது ஒன்றைத்தான். இன்னொன்றைத் தடுக்கவில்லை என்று அவனுக்குத் தோன்றியது. அதையாவது திருப்பிக் கொடுத்துவிடலாம்.

"மச்சான், பஸ்ல நீங்க கேட்டீங்களே. அந்தக் கோட்டை சரியாத்தான் இருந்துது. ராணியால உள்ளே வந்திருக்கவே முடியாது. அது டிராதான்."

மச்சான் அவன் முகத்தை உற்றுப் பார்த்தார். "இதுவும் என் மனசு ஆறதுக்கா?"

"இல்ல. நீங்க வேணும்னா யாரை வேணா கேளுங்க. எந்தப் பெரிய ஆட்டக்காரனும் இதைத்தான் சொல்லுவான்."

"நெஜமாவா?" மனுஷனின் முகம் விரிந்த விரிப்பைப் பார்க்க முடியவில்லை. பட்டன் போட்டு முடிவதற்குள்ளேயே ஜன்னல் பக்கம் திரும்பிக் கத்தினார். "டேய் டிரைவரு! கேட்டியா? சர்வதேச மாஸ்டர்கிட்ட டிரா வரைக்கும் கொண்டு போயிருக்கேன்டா நான்! அவனே சொல்றான்!"

"அப்புறம் ஏன்ணே தோத்தீங்க?" என்று லாரியிலிருந்து குரல் வந்தது.

"நான் எங்கடா தோத்தேன்? இந்தத் திருட்டுக் கைதான் தோக்க வெச்சுது!" வலது கையைத் தூக்கி ஜன்னலில் காட்டினார். "நல்ல வேளை, என் கையை என்னைவிட நல்லாப் பாக்கறவன் வீட்டுலயே இருக்கான்."

"அசையாதீங்க மச்சான்" என்றான் மாஸ்டர். மேல் பட்டன் ஓட்டைக்குள் போகாமல் வழுக்கிக்கொண்டே இருந்தது. மச்சான் கழுத்தை நீட்டி, கண்ணை வாசல் பக்கம் வைத்துக்கொண்டு, அவனை நம்பி நின்றார்.